அரக்கு கலர்: கடைக்கு வாறவங்க அடிக்கடி கேக்குற கேள்விகள்

கன்னியாகுமரி மாவட்டம் தக்கலையில சின்னதா ஒரு மேட்சிங் கடை வச்சிருக்கேன். பிளவுஸ் பிட், லைனிங், உள்பாவாடை, ஃபால்ஸ், இதுதான் யாவாரம். 18 வருஷமா ஒரு நாளைக்கு நாலு பேராவது இந்த அரக்கு கலரைப் பத்தி ஏதாவது ஒண்ணு கேட்டுட்டுத்தான் போறாங்க, சிலபேரு சண்டையே போடுவாங்க. அப்பா தமிழ் வாத்தியாரா இருந்தவரு, அதனால வார்த்தையை நோண்டுற பழக்கம் எனக்கும் ஒட்டிக்கிட்டு. திரும்பத் திரும்ப அதையே சொல்லி வாய் வலிக்குது, அதான் கேட்டவங்க கேட்ட மாதிரியே கேள்வியைப் போட்டு பதிலையும் எழுதி வச்சிட்டேன்.

அக்கா, அரக்குன்னா சிவப்பா, மெரூனா, இல்ல பிரவுனா?

சிவப்புதான். ஆனா நல்லா முத்துன சிவப்பு, உள்ளுக்குள்ள லேசா ஒரு பழுப்பு ஓடும். ஊதா பக்கம் கொஞ்சம் சாஞ்சிட்டுன்னா அதை மெரூன்னோ வைன் கலர்னோ சொல்லிருவோம், காப்பிப்பொடி பக்கம் சாஞ்சா பிரவுன், இந்த ரெண்டுக்கும் நடுவுல எந்தப் பக்கமும் சாயாம நிக்குது பாருங்க, அதுதான் எனக்க கணக்குல அரக்கு.

இன்னும் புரியலன்னா செந்துளுவன் குலையைப் பாருங்க, மத்த ஊர்ல செவ்வாழைம்பாங்க. அது பழுத்தா தோல் ஆரஞ்சுக்கு வந்துரும், அது இல்ல, காயா தொங்குறப்போ இருக்க தோல் கலர். இல்லன்னா கன்னியாகுமரி கடற்கரையில அலை வந்து போன ஈரத்துல சிவப்பு மணல் வரிவரியா கிடக்கும்லா, கார்னெட் மணல், அதுல கறுப்பு இல்மனைட் கொஞ்சம் கலந்து கிடக்கப்போ பாருங்க. அதைக் காட்டி நான் விளக்குனதுல முக்காவாசி பேருக்கு உடனே புரிஞ்சிட்டு.

அது என்ன அரக்கு? கலருக்கு அப்படி ஒரு பேரு வரக் காரணம் என்ன?

ஆரஞ்சுன்னு பழத்துக்க பேரைத்தானே கலருக்கு வச்சிருக்கோம், அதே கதைதான். அரக்குங்கது முதல்ல ஒரு பொருள், கலர் அதுக்குப் பிறகு வந்தது. போஸ்ட் ஆபீஸ்ல இன்ஷூர் பார்சல் அனுப்பிருக்கீங்களா? குச்சி மாதிரி ஒண்ணை மெழுகுவத்தியில காட்டி உருக்கி, முடிச்சு மேல சொட்ட விட்டு, பித்தளை முத்திரையை வச்சு அமுக்குவாங்க. பரிட்சை கேள்வித்தாள் கட்டுலயும் இருக்கும். அந்தக் குச்சிதான் அரக்கு. அது இருந்த கலரை "அரக்கு மாதிரி", "அரக்கு கலர்"னு சொல்லிச் சொல்லி கடைசியில மாதிரியும் போச்சு, பொருளும் போச்சு, கலர் மட்டும் நிக்குது. இப்ப உள்ள பிள்ளைகள் சேலையைப் பாத்துதான் அரக்கைத் தெரிஞ்சுக்கிடுது.

மரத்துப் பிசின்தானே அது? பூச்சின்னு சொல்லுதாங்களே, சும்மாவா?

சும்மா இல்ல, பூச்சிதான். கெரியா லாக்கான்னு அறிவியல் பேரு, கண்ணுக்குத் தெரிஞ்சும் தெரியாம இருக்கக் குட்டிச் சிவப்புப் பூச்சி. புரசு, இலந்தை, பூவ மரம் இதுல இளங்கொம்பா பாத்து ஆயிரக்கணக்குல போய் ஒட்டிக்கிடும், வாயை உள்ள குத்தி சாறு உறிஞ்சும், அப்படியே உடம்புல இருந்து ஒரு பிசினை விட்டு தன்னைச் சுத்தி மூடிக்கிடும். பெண்பூச்சி ஒருதடவை ஒட்டினா ஒட்டினதுதான், அப்புறம் இடம் மாறாது. பக்கத்துப் பக்கத்துல எல்லாம் பிசின் விட்டு, அது ஒண்ணோட ஒண்ணு சேந்து கொம்பு முழுக்க மேலோடு மாதிரி ஆயிரும். மரத்துச் சாறு பூச்சி வயித்துக்குள்ள போய் வெளிய வாறதனால பாதி மரம் பாதி பூச்சின்னு வேணும்னா சொல்லலாம், ஆனா வேப்பமரத்துல வடியுற பிசின் வேற, இது வேற.

கொம்போட ஒடிச்சு எடுத்தா கொம்பரக்கு. அதைச் சுரண்டி, உடைச்சு, தண்ணியில போட்டு கழுவுனா தண்ணி ரத்தம் மாதிரி சிவந்துரும். அந்தச் சிவப்பு பூச்சிக்க உடம்புல உள்ளது, அதைத்தான் சாயமா எடுத்தாங்க. சிவப்பு போனபிறகு மிஞ்சுற பிசின் தேன் கலர்ல இருக்கும். அதை உருக்கி வடிகட்டி மெல்லிசா இழுத்து உடைச்சா அவல் மாதிரி தட்டை தட்டையா வரும், அதனாலதான் அவலரக்கு. ஆசாரிமார் ஸ்பிரிட்ல ஊறப்போட்டு கதவுக்கும் நாற்காலிக்கும் பாலிஷ் போடுற ஷெல்லாக் இதுதான். பழைய 78 சுற்று கிராமபோன் தட்டு இதை வச்சுத்தான் செஞ்சாங்க, இப்ப மாத்திரைக்கு மேல உள்ள பளபளப்பு, சில ஆப்பிள் மேல உள்ள மினுமினுப்பு வரைக்கும் வந்துட்டு.

இன்னொரு வேடிக்கை, முத்திரை அரக்குக்க சிவப்பு பூச்சிச் சிவப்பு இல்ல. சாயம் கழுவிப்போன பிசினுக்கு சாதிலிங்கம் மாதிரி வேற சிவப்புப் பொடியைக் கலந்து செஞ்ச குச்சி அது. ஆக சாயம் ஒரு பக்கம் போச்சு, பேரு இன்னொரு பக்கம் போச்சு.

நம்ம ஊர்ப்பக்கம் அரக்கு விளையுமா?

பேரு சொல்ற மாதிரி இங்க இல்ல. ஜார்கண்ட், சத்தீஸ்கர் காட்டுப்பக்கம்தான் பெரிய அளவுல எடுக்காங்க, அங்க உள்ள பழங்குடி மக்களுக்கு அது ஒரு வருமானம். நமக்கு ரப்பர் பால் மாதிரி அவங்களுக்கு அது.

சேச்சி, அரக்குன்னு மலையாளத்துலயும் சொல்லுதாங்க, அப்ப அது மலையாள வார்த்தைதானே?

இது எங்க மாவட்டத்துக்கே உள்ள கேள்வி. 1956 நவம்பர் 1 வரைக்கும் திருவிதாங்கூர்-கொச்சியில இருந்தவங்க நாம, விளவங்கோடு பக்கம் இன்னைக்கும் வீட்டுல மலையாளம் பேசுற ஆளுங்க உண்டு, அதனால ரெண்டு மொழியிலயும் உள்ள வார்த்தையைப் பாத்தா இது யாருக்கதுன்னு ஒரு இழுபறி வந்துரும். மலையாளத்துல அரக்கு, கன்னடத்துல அரகு, தெலுங்குல லக்க. எல்லாருக்கும் ஒரே இடத்துல இருந்து வந்திருக்கு, சமஸ்கிருதத்துல உள்ள லாக்ஷா, ராக்ஷான்னு ரெண்டு விதமா சொல்ற வார்த்தை. இந்தியில லாக், இங்கிலீஷ்ல லாக், ஷெல்லாக், லாக்கர் பெயிண்ட், எல்லாம் அதே குடும்பம்.

ராக்ஷா எப்படி அரக்கு ஆகும்னு கேட்டா, தமிழ்ல ர, ல வச்சு வார்த்தை தொடங்கக் கூடாது, அதான் பழைய இலக்கணம். ரங்கன் அரங்கன் ஆனாரு, லக்ஷ்மணன் இலக்குவன் ஆனாரு. முன்னால ஒரு அ இல்ல இ வந்து நிக்கும். பின்னால உள்ள "க்ஷ" தமிழ்ல "க்க" ஆகும். இதுக்கு புஸ்தகம் தேட வேண்டாம், ஆரல்வாய்மொழி தாண்டி முப்பந்தல் இசக்கியம்மன் கோயில்ல பஸ் நின்னா போதும். யக்ஷிதான் இயக்கி ஆகி, இயக்கிதான் இசக்கி ஆனா. அதே வழியிலதான் ராக்ஷா அரக்கு ஆச்சு. அகராதியும் இப்படித்தான் சொல்லுது.

"அர்"னாலே சிவப்புன்னு ஒரு வேர் இருக்கு, அதுல இருந்து வந்த சுத்தத் தமிழ்ச் சொல்லுதான் அரக்குன்னு சொல்றவங்களும் உண்டு. எனக்கு முதல் விளக்கம்தான் சரியா படுது, அண்டை அயல் மொழி எல்லாம் அதுக்கு சாட்சி நிக்குதே. அதுக்காக நேத்து வந்த வார்த்தைன்னு நினைச்சிராதீங்க, சங்கப்பாட்டுலயே இருக்கு, கீழ ஒரு கேள்விக்கு அதைச் சொல்லுதேன்.

அப்போ அரக்கனுக்கும் அரக்குக்கும் சொந்தமா? ராவணன் சிவப்பா இருந்ததனாலயா?

இல்ல மக்ளே. அரக்கன் ராக்ஷசன்ல இருந்து வந்தான். மேல சொன்ன அதே ரெண்டு மாத்தம் அங்கயும் நடந்திருக்கு, முன்னால அ, நடுவுல க்க. ரெண்டு பேரு வேற வேற ஊர்ல இருந்து வந்து ஒரே தையல்காரன்கிட்ட சட்டை தைச்ச மாதிரி, பாக்க ஒரே போல இருக்கு, அவ்வளவுதான். ராவணன் கலரைப் பத்தி எனக்கிட்ட கேக்காதீங்க.

மகாபாரதத்துல அரக்கு மாளிகை வருதே, அது சிவப்பு மாளிகையா?

கலருக்காக அந்தப் பேரு இல்ல, பொருளுக்காக. துரியோதனன் புரோசனனை விட்டு வாரணாவதத்துல கட்ட வச்சான், உள்ள அரக்கு, நெய், காஞ்ச புல்லு மாதிரி பத்திக்கிற சாமானா சேத்து, பாண்டவங்க தூங்குறப்போ கொளுத்திரலாம்னு திட்டம். விதுரர் சூசகமா சொல்லி தப்பிச்சாங்க. அரக்கு உருகுறதும் பத்துறதும் தெரிஞ்சிருந்தாத்தான் இந்தக் கதை ஓடும், அதனால அந்தக் காலத்து ஆளுங்களுக்கு அரக்குன்னதும் கலரை விட நெருப்புதான் முதல்ல ஞாபகம் வந்திருக்கும்னு நினைக்கேன்.

லட்சக்கணக்குல பூச்சி இருக்கதனாலதான் லாக்னு பேரு வந்துச்சுன்னு யூடியூப்ல சொன்னாங்களே?

நல்லா இருக்கு கேக்க. நம்பருக்கு லக்ஷ, பூச்சிப் பிசினுக்கு லாக்ஷா, சமஸ்கிருதத்துல முதல் எழுத்தே குறில் நெடில்னு மாறுது. இந்திக்கு வந்தப்போ ரெண்டும் தேஞ்சு ஒரே மாதிரி லாக்னு ஆயிட்டு, அதைப் பாத்து யாரோ கட்டுன கதையாத்தான் நான் எடுத்துக்கிடுவேன். தமிழ்ல பாருங்க, ஒண்ணு இலட்சம், இன்னொண்ணு அரக்கு, குழப்பமே கிடையாது.

இலங்கையில சாராயத்துக்கு அரக்குன்னு சொல்லுதாங்க, ஆந்திராவுல அரக்குன்னு காப்பி விக்குது. எல்லாம் ஒண்ணா?

மூணும் மூணு. சாராயம் அரக்கு, அரபியில "அரக்"னு இருக்க வார்த்தையில இருந்து வந்தது, அதுக்கு வேர்வைன்னு அர்த்தம். வடிக்கிறப்போ ஆவி குளுந்து சொட்டுச் சொட்டா விழும்லா, அது வேர்வை வடியுற மாதிரி இருக்குன்னு வச்ச பேரு. அதுக்கும் பூச்சிக்கும் சம்பந்தம் இல்ல. நம்ம ஊர் அக்கானி (பதநீர்), கள்ளு எதுக்கும் அந்தப் பேரு கிடையாது, அதெல்லாம் வடிக்காத சரக்கு. ஆந்திராவுல இருக்கது ஒரு மலைப்பள்ளத்தாக்குக்க பேரு, அங்க விளையுற காப்பி, தமிழ்ல எழுதுறப்போ மூணும் ஒரே எழுத்தாயிருது. ஒரு ஆளு கடைக்கு வந்து "அரக்கு இருக்கா"ன்னு சிரிச்சிட்டே கேட்டாரு, பாண்டியில போய் கேளுங்கன்னேன்.

மெரூன்னா என்ன அர்த்தம்? அதுவும் பூச்சியா?

அது கொட்டை. பிரெஞ்சுல மரோன்னு சொன்னா செஸ்ட்நட், நம்ம முந்திரிக்கொட்டையை விட பெருசா, செம்பழுப்பா பளபளன்னு இருக்க ஒரு கொட்டை, குளிர்தேசத்துல சுட்டுத் திம்பாங்க. அந்தத் தோல் கலருக்கு வந்த பேரு. அப்ப சரியாப் பாத்தா மெரூன் பேருதான் பழுப்புல இருந்து வந்தது, அரக்கு பேரு சிவப்புல இருந்து வந்தது. கடையில நடக்குறது நேர் எதிர், மெரூன் கேட்டா சிவப்பு பக்கமும் அரக்கு கேட்டா பழுப்பு பக்கமும் எடுத்துப் போடுதோம். இதை நினைச்சு நானே சிரிச்சிருக்கேன்.

ஆன்லைன்ல கிரிம்சன் ரெட்னு போட்டிருந்தான், வாங்கிட்டேன். அது அரக்குதானே?

கிட்ட வரும், ஆனா கிரிம்சன்ல லேசா நீலம் ஓடும், பளிச்சுன்னு இருக்கும், அரக்கு அடக்கமா இருக்கும். ஆனா வார்த்தையாப் பாத்தா ரெண்டும் அக்கா தங்கச்சி மாதிரி. கிரிம்சன் அரபியில கிர்மிஸ்னு சொல்ற ஒரு பூச்சிக்க பேருல இருந்து வந்தது. மத்தியதரைக் கடல் பக்கம் ஒருவகை ஓக் மரத்துல அரக்குப் பூச்சி மாதிரியே ஒட்டிக்கிட்டு இருக்கும், காயவச்சு இடிச்சு சாயம் எடுத்தாங்க. அந்த கிர்மிஸ் பாரசீகத்துல புழுவைக் குறிக்கிற கிர்ம்ங்கற வார்த்தையில இருந்து வருது, சமஸ்கிருதத்துல அதுக்க சொந்தக்காரன் க்ருமி, நாம அதை கிருமின்னு எடுத்துக்கிட்டோம். ஆமா, கொரோனா சமயத்துல கை கழுவுனோமே கிருமிநாசினி, அந்தக் கிருமிதான். துருக்கியில இன்னைக்கும் சிவப்புக்கு கிர்மிஸின்னுதான் சாதாரணமாச் சொல்லுதாங்க.

வெர்மிலியன்னு ஒரு சிவப்பு இருக்கு, அதுவும் லத்தீன்ல குட்டிப்புழுங்கற வார்த்தையில இருந்து வந்தது. ஊரு ஊரா மனுஷங்க ஆழச் சிவப்பைத் தேடிப் போய் கடைசியில ஒரு புழுவையோ பூச்சியையோ நசுக்கித்தான் கண்டுபிடிச்சிருக்காங்க, பேரும் அப்படியே ஒட்டிக்கிட்டு. கோட்டாறு கோயில் திருவிழாவுக்கு போற நம்ம ஆளுங்க கர்தினால் போட்டிருக்க சிவப்பு அங்கியை படத்துலயாவது பாத்திருப்பாங்க, 15ஆம் நூற்றாண்டுல போப்பாண்டவர் கர்தினால்மாருக்கு அந்தச் சிவப்பை வச்சப்போ அது கிர்மிஸ் பூச்சிச் சாயம்.

அப்புறம் மெக்சிகோவுல சப்பாத்திக்கள்ளியில வளர்ற கோச்சினீல் பூச்சி கிடைச்சதும் கிர்மிஸ் படுத்துட்டு. அது அவ்வளவு கெட்டிச் சாயம், ஒரு பவுண்டு சாயத்துக்கு சுமார் 70,000 பூச்சி வேணும்னாலும் வாங்க ஆள் இருந்தாங்க. கிழக்கிந்தியக் கும்பினிக்காரனும் ஆசைப்பட்டு 1795ல இந்தியாவுக்கு பூச்சியைக் கொண்டு வந்தான், வந்து சேந்தது நல்ல சாயம் தராத வேற ஜாதி. சாயம் கிடைக்கல, ஆனா அந்தப் பூச்சி நாட்டுல பரவிக் கிடந்த சப்பாத்திக்கள்ளியைத் தின்னு அழிச்சிட்டு, களைக்கு பூச்சியை விடுற வைத்தியம் அங்க இருந்துதான் தொடங்குச்சுன்னு சொல்லுதாங்க. தப்பான சரக்கு வந்ததுல ஒரு லாபம்!

தமிழ்ல ஆழச் சிவப்புக்கு வேற நல்ல பேரு இல்லையா?

ஏன் இல்ல. கெம்பு கலர்னு பழைய பாட்டிமார் சொல்வாங்க. கன்னடத்துல கெம்புன்னா சிவப்பு, நமக்கு செம்மை, செம்மண், செம்பட்டுல உள்ள "செம்"தான் அங்க "கெம்", ரெண்டும் ஒரே வேர். அங்க கலரு, இங்க வந்து சிவப்புக்கல்லுக்கு பேராயிட்டு. வடசேரியில செய்ற கோயில் நகையில, பரதநாட்டியக்காரங்க போடுறது, அதுல பதிச்சிருக்கது இந்தக் கெம்புதான், அந்த நகைக்கு புவிசார் குறியீடும் உண்டு.

மாதுளை கலர்னு கேப்பாங்க, அது அரக்கை விடத் தெளிவு. கார்னெட்ங்கற கல்லுக்க பேரும் லத்தீன்ல மாதுளையில இருந்து வந்ததுதான், அப்படிப் பாத்தா முதல்ல சொன்ன கன்னியாகுமரி மணலு மாதுளை மணலு. குங்குமக் கலர் கேட்டா நான் பளிச்சுன்னு உள்ள சிவப்பை எடுப்பேன், ஆனா குங்குமம்னா பழைய அர்த்தம் குங்குமப்பூ, அது வேற கலர் விவகாரம், இங்க வேண்டாம். செம்பஞ்சுக்குழம்புன்னு பொண்ணுங்க காலுல பூசுவாங்களே, அலத்தகம்னும் சொல்வாங்க, அது அரக்குச் சாயத்துல செஞ்சது. ஆக அரக்கு கலரை சேலையா மட்டும் இல்ல, இப்படி உடம்புலயும் போட்டிருக்காங்க.

நகையில அரக்கு வச்சு ஏமாத்துறாங்கன்னு சொல்லுதாங்க, அது இந்த அரக்கா?

இதே அரக்குதான், ஆனா வைக்கிறது எல்லாம் ஏமாத்து இல்ல. உள்ள பொள்ளையா இருக்க நகை நசுங்காம இருக்கவும், கல்லு அசையாம உக்காரவும் உருக்கி ஊத்துவாங்க, சூட்டுல இளகி ஆறினா கல்லா இறுகிரும்லா. கோயில் நகை மாதிரி கல்லு வச்ச வேலைக்கு அது பாரம்பரியமான முறை. அதை தங்கத்துக்க எடையில சேத்து விலை போட்டா அதுதான் ஏமாத்து. அடகு வைக்கப் போனா கல்லு, அரக்கு எடையைக் கழிச்சிட்டுத்தான் கணக்கு போடுவான், எனக்க அம்மைக்க ஒரு பதக்கத்துல அப்படிக் கழிச்சப்போதான் எனக்கே தெரிஞ்சது அதுக்குள்ள எவ்வளவு கிடந்துச்சுன்னு. வாங்குறப்பயே பில்லுல தனியா எழுதச் சொல்லுங்க.

இந்த அரக்கு சேலையில நிஜமாவே அரக்கு இருக்கா? சாயம் போகுமா?

ஒரு துளி கிடையாது, பேரு மட்டும்தான். 1856ல இங்கிலாந்துல ஒரு பையன் தற்செயலா செயற்கை ஊதாச் சாயம் கண்டுபிடிச்சான், 1868ல ஜெர்மனியில வேருச் சிவப்புல உள்ள அலிசரினை ஆய்வுக்கூடத்துலயே செஞ்சாங்க, அதோட உலகம் முழுக்க பூச்சிச் சாயமும் வேருச் சாயமும் படுத்துட்டு. அதுக்கு முந்தியும் நம்ம பருத்திச் சேலைக்கு அரக்குச் சாயம் ரொம்ப போட்டிருக்க மாட்டாங்க, அது பட்டுலயும் கம்பளியிலயும்தான் நல்லாப் பிடிக்கும். பருத்திக்கு சோழமண்டலக் கரை மணல்ல விளைஞ்ச சாயவேர், இம்பூறல்னும் சொல்லுவாங்க, அதை படிகாரம் போட்டு ஏத்துனாங்க. அந்தச் சிவப்பு துவைக்கத் துவைக்க நல்லா வரும்னு பேரு.

இப்ப உள்ளது போகுமான்னா, ஆழக் கலர் எதுவும் முதல் ரெண்டு துவைப்புல கொஞ்சம் விடும், தனியா அலசுங்க, வெயில்ல நேரா போடாதீங்க. ஒரு ஓரத்தை நனைச்சு வெள்ளைத் துணியில அமுக்கிப் பாத்துட்டு வெள்ளை பார்டர் சேலைன்னா டிரைவாஷுக்குக் குடுத்துருங்க. லைனிங்கையும் நனைச்சுக் காயவச்சு தைக்கச் சொல்லுங்க, சேலை மட்டும் நல்லா இருந்து லைனிங் சாயம் அக்குள்ல இறங்கி வந்து எனக்கிட்ட சண்டை போட்டவங்க உண்டு.

நான் சுத்த சைவம், மண்டைக்காட்டு அம்மனுக்கு அரக்குப் பட்டு நேந்திருக்கேன். பூச்சிச் சாயம்னு சொல்லுதீங்களே, குடுக்கலாமா?

மேல சொன்னேன், சேலையில பூச்சி இல்ல, தாராளமா குடுங்க. மாசிக் கொடைக்கு இருமுடி கட்டிட்டுப் போறவங்க எத்தனை பேரு எனக்கிட்ட சிவப்புல எடுத்திருக்காங்க. பட்டுன்னு எடுத்தா அதுலயே பட்டுப்புழு கணக்கு இருக்கு, அதை யாரும் கேக்க மாட்டாங்க, சாயத்தை மட்டும் கேப்பாங்க. சாப்பாட்டு விஷயத்துல கண்டிப்பு உள்ளவங்க பாக்கெட்டுல ஈ 904ன்னு இருந்தா அது அவலரக்கு, ஈ 120ன்னு இருந்தா கோச்சினீல், அதைப் பாத்துக்கிடுங்க.

சங்கப்பாட்டுல அரக்கு இருக்குன்னீங்களே, அதுவும் இதே கலர்தானா?

இதுதான் எனக்கு ரொம்ப பிடிச்ச கேள்வி, கேட்டது ஒரே ஒரு பிள்ளை, காலேஜ்ல தமிழ் படிக்குது. அகநானூறு 14ஆம் பாட்டு, ஒக்கூர் மாசாத்தனார் பாடுனது, "அரக்கத்தன்ன செந்நிலப் பெருவழி"ன்னு தொடங்குது. அரக்கு மாதிரி இருக்க செம்மண் ரோடு. அதுல நீலமா காயாம்பூ வாடி உதிர்ந்து கிடக்கு, நடுவுல ஈயல் மூதாய் ஊருது, நாம மழை பெஞ்சதும் பாக்குற வெல்வெட் மாதிரி உள்ள சிவப்புப் பூச்சி. பவளமும் நீலமணியும் கலந்து பதிச்ச மாதிரி இருக்குன்னு சொல்லுதாரு.

கவனிங்க, அவரு ரோட்டைத்தான் அரக்குங்காரு, பூச்சியை பவளம்ங்காரு. பவளம் பளிச்சுன்னு உள்ள சிவப்பு, அரக்கு அதுக்கு கீழ கிடக்க மண்சிவப்பு. ஒரே பாட்டுல ரெண்டு சிவப்பையும் பிரிச்சுக் காட்டிட்டாரு, அதுவும் ஒண்ணுமேல ஒண்ணு ஊர விட்டு. மழை நனைஞ்ச செம்மண்ணு, அருமனை பக்கமோ குலசேகரம் பக்கமோ ரப்பர் தோட்டத்துக்குப் போற பாதையில ஜூன் மாசம் பாருங்க, அது என்ன கலரோ அதுதான் அன்னைக்கு அரக்கு. அப்ப இன்னைக்கு நாம சொல்ற அரக்கு கொஞ்சம் கறுத்துட்டுன்னு தோணுது. எனக்க யூகம், முத்திரைக் குச்சியை தீயில காட்டுறப்போ கரி ஏறி கறுத்துரும், அதைப் பாத்தே பழகுன தலைமுறை அரக்குக்கு அந்தக் கறுப்பையும் சேத்துட்டு.

அக்கா, போன்ல போட்டோ அனுப்புதேன், அதைப் பாத்து அரக்கு பிட் எடுத்து வைக்க முடியுமா?

முடியாது. ஒருதடவை அப்படி எடுத்து வச்சு ஒரு கல்யாண வீட்டுல எனக்கு நல்ல பேச்சு கிடைச்சிருக்கு, தப்பு எனக்கதுதான், போட்டோவை நம்பியிருக்கக் கூடாது. உங்க போன்ல ஒரு சிவப்பு, எனக்க போன்ல ஒரு சிவப்பு, ஆழக் கலர்ல அந்த வித்தியாசம் ரொம்பத் தெரியும்.

துணியைக் கொண்டு வந்தாலும் ஒரு சிக்கல் உண்டு. ரெண்டு துணி வேற வேற சாயத்துல முக்கினதுன்னா டியூப்லைட்டுல ஒண்ணா நிக்கும், வெளிய வெயிலுக்குப் போனதும் ஒண்ணு மெரூன் ஒண்ணு பிரவுன்னு பிரிஞ்சிரும். மண்டபத்துல மஞ்சள் லைட்டு வேற இருக்கும், அங்க இன்னொரு மாதிரி. அதனால ரெண்டையும் சேத்துப் பிடிச்சிட்டு கடை வாசல்ல இறங்கி ரோட்டுல நின்னு ஒருதடவை பாருங்க, உள்ள வந்து ஒருதடவை பாருங்க, ரெண்டு இடத்துலயும் சேந்தாத்தான் நான் கத்திரியை எடுப்பேன். மழைக்காலத்துல சாயங்காலம் 5 மணிக்கு மேல அரக்கு மேட்சிங்குக்கு வராதீங்க, மத்த எந்தக் கலர்னாலும் வாங்க.